கிஷ்டய்யாவுக்கு ஏன் பேச்சு வரவில்லை?

ஷியாம் பெனகல் 2024 டிசம்பர் 23 அன்று மும்பையில் இறந்துபோனார். தொண்ணூறு வயது முடிந்து ஒன்பது நாள். செத்தவரைப் பற்றி நல்லதைத்தான் பேச வேண்டும் என்பது ஊர் வழக்கம். ஊரே நமக்குக் கிடையாது, சேரிதான் உண்டு. ஆகவே ஊர் வழக்கம் நம்மைக் கட்டுப்படுத்தாது. பேசலாம்.

அவர் இறந்த வாரத்தில் நம் பக்கத்து முற்போக்காளர்களும் திரைப்படச் சங்கத்துக்காரர்களும் எழுதிய அஞ்சலிகளை வாசித்தேன். ஒரு சொல் திரும்பத் திரும்ப வந்தது: 'பன்முகக் கலைஞர்'. கணக்குப் பார்த்தால் அது பொய்யில்லை. நூற்றுக்கணக்கில் விளம்பரப் படங்களும் ஆவணப் படங்களும். 1974-இல் தெலங்கானா கிராமத்தில் 'அங்குர்'. 1857 கலகத்தை வைத்து 'ஜுனூன்'. மகாபாரதத்தைத் தொழிலதிபர் வீட்டுக்குள் இறக்கிய 'கலியுக்'. விலைமாதர் வீட்டை வைத்து 'மண்டி'. கோவா கிறிஸ்தவக் குடும்பத்தின் 'திரிகால்'. ரயிலுக்குள்ளேயே ஓடிய 'யாத்ரா' தொடர். 53 வாரம் தூர்தர்ஷனில் 'பாரத் ஏக் கோஜ்'. காந்திக்கு ஒரு படம், சுபாஷ் போஸுக்கு ஒரு படம், கடைசியில் 2023-இல் வங்கதேசத்து முஜிபுக்கும் ஒரு படம். நடுவில் ஆறு வருஷம் மாநிலங்களவை நியமன உறுப்பினர். தாதாசாகேப் பால்கே விருது. மனுஷன் சும்மா இருக்கவில்லை.

நம் கேள்வி வேறு. பன்முகம் என்பது யாருக்கு வாய்க்கிறது?

தலித் கவிஞன் ஒருத்தன் நிலாவைப் பற்றி ஒரு கவிதை எழுதிக்கொண்டு போகட்டும். 'உன் வலியை எழுதுப்பா, அதுதான் உன் பலம்' என்பார்கள். சரியென்று சேரியைப் பற்றி எழுதிக்கொண்டு போனால், 'எத்தனை நாளைக்கு இதையே எழுதுவ' என்று கேட்பதும் அதே வாய்தான். நாகராஜ் மஞ்சுளே 'ஃபன்றி' எடுத்தார், 'சைராட்' எடுத்தார், அமிதாப் பச்சனை வைத்துக் கால்பந்துப் படமாக 'ஜுண்ட்' எடுத்தார். இன்றைக்கும் 'தலித் இயக்குநர்' என்ற அடைமொழி இல்லாமல் அவர் பெயரை யாரும் சொல்வதில்லை. பா. ரஞ்சித் காதலைப் பற்றி 'நட்சத்திரம் நகர்கிறது' எடுத்தாலும் 'சாதிப் படம்' என்கிறார்கள். கொங்கணி பேசும் சாரஸ்வதப் பார்ப்பனக் குடும்பத்தில், செகந்திராபாத் திருமலகிரியில், புகைப்படக் கலைஞரின் மகனாகப் பிறந்து, குரு தத்தின் உறவுக்காரராகப் பம்பாய் வந்து சேர்ந்தவரை 'சாரஸ்வதப் பார்ப்பன இயக்குநர்' என்று ஐம்பது வருஷத்தில் எவனாவது எழுதியிருக்கிறானா? அவருக்குச் சாதி கிடையாது. அவருக்கு முகங்கள் உண்டு. நமக்கு ஒரே ஒரு முகம். அதையும் வரைந்து கொடுத்தது அவர்தான்.

அந்த முகம் எப்படி வரையப்பட்டது என்பதைத்தான் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும்.

'அங்குர்' பார்க்காத தோழர்களுக்காகச் சொல்கிறேன். பண்ணையாரின் மகன் சூர்யா, நிலத்தைப் பார்த்துக்கொள்ளக் கிராமத்துக்கு அனுப்பப்படுகிறான். அந்த வீட்டில் வேலை செய்பவள் லட்சுமி. அவள் புருஷன் கிஷ்டய்யா. அலுமினியப் பாத்திரம் வந்து பானைத்தொழில் நொடித்துப்போன குயவன், குடிகாரன், காது கேளாதவன், வாய் பேசாதவன். (குயவர் என்று படத்திலேயே வருகிறது, ஆனால் இந்தப் படத்தைப் பற்றி எழுதிய ஆய்வாளர்களில் பலரும் 'தலித்' என்று போட்டுவிட்டுப் போகிறார்கள். மேலே இருந்து பார்த்தால் கீழே இருக்கிறவன் எல்லாம் ஒன்றுதான் போலிருக்கிறது.) கள் திருடினான் என்று கிஷ்டய்யாவின் தலையைச் சிரைத்துக் கழுதைமேல் ஏற்றி ஊர்வலம் விடுகிறார்கள். அவன் ஊரைவிட்டுப் போகிறான். சூர்யா லட்சுமியைச் சேர்த்துக்கொள்கிறான். அவள் கருவுற்றதும் கைகழுவுகிறான். கிஷ்டய்யா திரும்பி வருகிறான். வேலை கேட்கத்தான் வருகிறான். பயந்துபோன சூர்யா அவனைச் சாட்டையால் விளாசுகிறான். லட்சுமி சபிக்கிறாள். ஒரு சிறுவன் பண்ணை வீட்டுக் கண்ணாடியில் கல்லை விட்டெறிகிறான். திரை சிவக்கிறது. படம் முடிகிறது.

நல்ல படம். இல்லை என்று சொல்லவில்லை. ஷபனா ஆஸ்மியின் முதல் படம். சாது மெஹர் வாய் திறக்காமலே நம்மை அழவைத்துவிடுவார். கோவிந்த் நிஹலானியின் ஒளிப்பதிவில் அந்த வயல்வெளி கண்ணிலேயே நிற்கிறது. எல்லாம் சரி. ஆனால் அந்த ஆள் ஏன் ஊமை?

1974 என்ன வருஷம் என்று ஞாபகப்படுத்திக்கொள்ளுங்கள். பெனகல் குடியிருந்த அதே பம்பாயில் 1972-இல் தலித் பேந்தர்ஸ் தொடங்கிவிட்டது. அதே வருஷம் நாம்தேவ் தசாலின் 'கோல்பிதா' வந்துவிட்டது. மராத்திக் கவிதையின் மானம் மரியாதையெல்லாம் காமாட்டிபுரத்துச் சாக்கடையில் மிதந்தது. 1974 ஜனவரியில் வொர்லி பி.டி.டி. சால் குடியிருப்பில் பேந்தர்கள் சிவசேனாவோடும் போலீஸோடும் நேருக்கு நேர் நின்றார்கள்; உயிர் கொடுத்தார்கள். ஊரே காதைப் பொத்திக்கொள்கிற அளவுக்குத் தலித்துகள் கத்திக்கொண்டிருந்த நகரத்திலிருந்து ஒரு கலைஞர் கிளம்பிப் போகிறார். எழுநூறு கிலோமீட்டர் தள்ளி, தெலங்கானாவில், வாய் பேசாத ஒருவனைக் கண்டுபிடிக்கிறார். பேசுகிறவன் பக்கத்துத் தெருவில் இருந்தான். அவன் அவருக்குத் தேவைப்படவில்லை. பேசாதவன்தான் தேவைப்பட்டான். பேசாதவனுக்குத்தானே நாம் பேச முடியும்?

இது தற்செயல் என்று ஒருவர் சொல்லலாம். அப்படியானால் அந்தத் தற்செயல் தொற்றுநோயாகப் பரவியிருக்கிறது. 'அங்குர்' ஒளிப்பதிவாளர் நிஹலானி 1980-இல் 'ஆக்ரோஷ்' எடுத்தார். அதில் ஆதிவாசி லஹான்யா படம் முழுக்க வாய் திறப்பதில்லை. கடைசியில் ஓர் அலறல் மட்டும். சத்யஜித் ராய் 1981-இல் தூர்தர்ஷனுக்காக 'சத்கதி' எடுத்தார். அதில் துக்கி பேசுகிறான். ஆனால் விறகு பிளந்தே செத்துப்போகிறான், பிணத்தைக் கயிறு கட்டி இழுத்துப்போகிறார் பண்டிதர். இணை சினிமாவின் தலித் ஆண் ஊமையாக இருப்பான், இல்லாவிட்டால் பிணமாக இருப்பான்.

'மந்தனி'ல் போலா பேசுகிறானே என்பீர்கள். பேசுகிறான், முறைக்கிறான், நசீருதீன் ஷா பிரமாதமாகச் செய்திருப்பார். அந்தப் போலாவின் அப்பன் யார்? சேரிப் பெண்ணை ஏமாற்றிவிட்டுப் போன நகரத்துக் காண்ட்ராக்டர். ஐந்து வருஷத்தில் பெனகல் படங்களில் கொஞ்சம் நிமிர்ந்து நின்ற ஒரே ஒரு தலித் இளைஞனுக்கும் வெளியிலிருந்து ஒரு விந்து தேவைப்பட்டிருக்கிறது. சேரிக்குள்ளேயே பிறந்த கோபம் அந்தக் கதைக்குப் போதவில்லை.

அடுத்தது 1975-இல் வந்த 'நிஷாந்த்'. 1945 தெலங்கானா. நான்கு பண்ணையார் சகோதரர்கள். பள்ளிக்கூட வாத்தியாரின் மனைவியைத் தூக்கிக்கொண்டு போய்விடுகிறார்கள். வாத்தியார் போலீஸ், கலெக்டர் என்று எல்லாப் படியும் ஏறி இறங்கிப் பார்க்கிறார். கடைசியில் ஊரைத் திரட்டிக் கலகம். ஊரைத் திரட்டுவது யாரோடு சேர்ந்து என்று நினைக்கிறீர்கள்? கோயில் பூசாரியோடு! 1946-இலிருந்து 1951 வரை தெலங்கானாவில் ஆயுதம் தூக்கியது மாலா, மாதிகா, லம்பாடி, கூலி விவசாயி, வெட்டி உழைப்பில் செத்துக்கொண்டிருந்தவன். படத்தில் திருவிழாக் கூட்டத்துக்குப் பொறி வைப்பது கருவறைக்காரர். சரி, கலகம் வந்தபிறகாவது கூலிக்காரனுக்கு ஒரு முகம் கிடைக்கிறதா? இல்லை. அவன் கும்பல் ஆகிவிடுகிறான். நல்லவள் கெட்டவள் பார்க்காமல் அடித்துக் கொல்லும் கும்பல். தனியாக இருந்தால் ஊமை, கூட்டமாகச் சேர்ந்தால் வெறி. இந்த இரண்டுக்கும் நடுவில் ஒரு மனுஷனைப் பார்க்க அந்தக் கேமராவுக்குத் தெரியவில்லை.

இன்னொன்றும் உண்டு. 'அங்குர்', 'நிஷாந்த்' இரண்டிலும் பண்ணையாரின் குற்றம் என்ன? பெண்ணாசை. ஒருத்தன் வேலைக்காரியோடு படுக்கிறான், நாலு பேர் வாத்தியார் பெண்டாட்டியைத் தூக்குகிறார்கள். நிலம் பின்னணியில் பச்சையாக, அழகாகக் கிடக்கிறது. அது யாருடையது, எப்படி வந்தது, அதில் கூலி எத்தனை என்பதைப் படம் ஓரிரு காட்சியில் தொட்டுவிட்டுக் கட்டிலுக்கு ஓடிவிடுகிறது. பண்ணையார் காமுகனாக இல்லாமல், ஏகபத்தினி விரதனாக, தினமும் கோயிலுக்குப் போகிறவனாக இருந்திருந்தால் அந்த ஊரில் பிரச்சினையே இருந்திருக்காதா? கீழ்வெண்மணியில் 1968 டிசம்பர் 25 இரவு 44 பேரை ஒரு குடிசைக்குள் வைத்துக் கொளுத்தியது எந்தக் காமத்தால்? அரைப்படி நெல் கூலி உயர்வுக்காகவும் செங்கொடிக்காகவும். அதைக்கூடத் தமிழில் ஒருவர் பண்ணையாரின் ஆண்மைக் குறைவால் நடந்ததாக நாவல் எழுதினார். இந்திரா பார்த்தசாரதியின் 'குருதிப்புனல்'. சாகித்ய அகாதமி விருது கொடுத்தார்கள். 1983-இல் அதை அடிப்படையாக வைத்துப் படமும் வந்தது. ஹைதராபாத்தானாலும் தஞ்சாவூரானாலும் மேல்சாதிக் கலைஞனின் மனம் ஒரே தடத்தில்தான் ஓடுகிறது. சாதியை அவன் இடுப்புக்குக் கீழே தேடுவான். பட்டா புத்தகத்தில் தேடமாட்டான்.

சரி, 'மந்தன்'. இதைப் பற்றி எனக்குக் கொஞ்சம் அதிகமாகவே பேச வேண்டியிருக்கிறது.

1976-இல் வந்த படம். குஜராத் கூட்டுறவுப் பால் விற்பனைக் கூட்டமைப்பின் உறுப்பினர்கள் 5 லட்சம் பேர் ஆளுக்கு 2 ரூபாய் போட்டு எடுத்தது. படம் வந்ததும் கிராமம் கிராமமாக வண்டி கட்டிக்கொண்டு வந்து பார்த்தார்கள். 'எங்கள் படம்' என்றார்கள். கதையில் வர்கீஸ் குரியனுக்கும் பங்கு, திரைக்கதை விஜய் தெண்டுல்கர். 2024-இல் பிரதியைப் புதுப்பித்து கான் திரைப்பட விழாவில்கூடக் காட்டினார்கள். உலகத்தில் இப்படி ஒரு தயாரிப்பு முறை வேறெங்கும் இல்லை என்று எழுதாதவர் இல்லை. நானும் அதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஒரு குமாஸ்தாவின் சந்தேகம்: அந்த 5 லட்சம் பேரில் நம்மாட்கள் எத்தனை பேர்?

நான் வங்கியில் வேலை பார்ப்பவன். கறவை மாட்டுக் கடன் மனுக்கள் என் மேசை வழியாகப் போகின்றன. காலனியிலிருந்து ஒரு பெண் வருகிறாள். கையில் தாட்கோ மானியத்துக்கான காகிதம், சாதிச் சான்று, ரேஷன் கார்டு நகல். எங்கள் பக்கத்திலிருந்து அவளுக்குப் போகும் கேள்விகள் இவை: தீவனத்துக்கு நிலம் இருக்கா? தண்ணி வசதி? ஜாமீன் யார் போடுவா? பால் எந்தச் சங்கத்துக்கு ஊத்துவ? நிலம் இருந்தால் அவள் ஏன் இங்கே வந்து நிற்கிறாள்? கடன் கிடைத்து மாடும் வந்துவிட்டது என்று வைத்துக்கொள்வோம். மாட்டின் காதில் இன்சூரன்ஸ் வில்லை மாட்டுவார்கள். மாடு செத்தால் அந்த வில்லை இருந்தால்தான் பணம். வில்லை விழுந்துவிட்டால் அது வேறு மாடு, நீ வேறு ஆள். பால் வற்றிய மாதங்களிலும் தவணை வற்றாது. எல்லாவற்றுக்கும் மேலே புல்! நிலமில்லாதவள் யாருடைய வரப்பில் புல் அறுப்பாள்? பண்ணைக்காரன் வரப்பில். கூலி கூடக் கேட்டாலோ, தேர்தலில் மாற்றி ஓட்டுப் போட்டாலோ, பையன் தெருவில் சைக்கிள் ஓட்டினாலோ அவன் சொல்லப்போவது ஒரே வார்த்தைதான்: 'எங்க வரப்புல கால வைக்காத.' அதோடு பால் நின்றுபோகும்.

'மந்தனி'ல் பால் இருக்கிறது, கொழுப்புச் சத்தைக் குறைத்துக் காட்டி ஏமாற்றும் தனியார் பண்ணை முதலாளி மிஸ்ரா இருக்கிறான், சர்பஞ்ச் இருக்கிறான், சங்கத் தேர்தலில் ஹரிஜன வேட்பாளர் ஜெயிக்கிறார், அதற்குப் பழியாகச் சேரி எரிகிறது. இவ்வளவையும் 1976-இல் திரையில் காட்டியது பெரிய விஷயந்தான், மறுக்க முடியாது. தமிழில் அந்த வருஷம் நாம் என்ன பார்த்துக்கொண்டிருந்தோம் என்று யோசித்தால் வெட்கமாக இருக்கிறது. ஆனால் புல் இல்லை. வரப்பு இல்லை. எருமை என்னவோ காற்றைத் தின்று பால் கறக்கிற மாதிரி கதை நகர்கிறது. ராவின் சகா சந்தாவர்க்கர் சேரிப் பெண்ணோடு பழகி வம்பாகிறது. அவனை ஊரைவிட்டு அனுப்பித் திட்டத்தைக் காப்பாற்றுகிறார் ராவ். அந்தப் பெண் என்ன ஆனாள் என்று திட்டத்துக்குக் கவலை இல்லை. படத்துக்கும் பெரிதாக இல்லை. கேடா மாவட்டத்தில் 1946-இல் அந்தப் பால் கூட்டுறவு தொடங்கியபோது அதன் முதுகெலும்பு நிலமுள்ள பட்டிதார்கள். படம் வந்து ஐந்தே வருஷத்தில், 1981-இல், அதே குஜராத்தில் மருத்துவக் கல்லூரி இடஒதுக்கீட்டை எதிர்த்துப் போராட்டம் வெடித்துத் தலித் குடியிருப்புகள் தாக்கப்பட்டன. போராட்டத்தின் முன்னணியில் நின்றது எந்தச் சமூகம் என்று போய்ப் பாருங்கள். ஒரே கேனில் பால் ஊற்றினால் சாதி கரைந்துவிடும் என்ற அந்தக் கனவுக்கு இரண்டு ரூபாய் கொடுத்தவர்களே கொடுத்த பதில் அது.

இங்கே 'பன்முகம்' என்ற சொல்லுக்குத் திரும்பலாம். பெனகல் 1959-இல் பம்பாயில் லிண்டாஸ் விளம்பர நிறுவனத்தில் விளம்பர வாசகம் எழுதுகிறவராகச் சேர்ந்தவர். 'அங்குரு'க்குப் பணம் போட்ட பிளேஸ் நிறுவனமும் தியேட்டர்களுக்கு விளம்பரப் படம் விநியோகித்ததுதான். விளம்பரக்காரனுக்கு ஒரு தர்மம் உண்டு. யார் பணம் கொடுக்கிறாரோ அவர் சரக்கு நல்ல சரக்கு. பிறகு வந்த படங்களை அந்தக் கண்ணாடி போட்டுப் பாருங்கள். 'மந்தன்' பால் கூட்டுறவுக்கு. 1982 'ஆரோகன்' மேற்கு வங்க அரசின் பணத்தில், குத்தகை விவசாயியைப் பற்றி. 1986 'யாத்ரா' கன்னியாகுமரியிலிருந்து ஜம்முவுக்குப் போகும் ஹிம்சாகர் எக்ஸ்பிரசில், ரயில்வேயின் ஆதரவில். 1987 'சுஸ்மன்' கைத்தறிக் கூட்டுறவுகளுக்கு. 1991 'அந்தர்நாத்' பாண்டுரங்க சாஸ்திரி அதவலேயின் ஸ்வாத்யாய் இயக்கத்தைப் பற்றி. 2000 'ஹரி பரி' குடும்ப நல அமைச்சகத்துக்கு. 'முஜிப்' இரண்டு நாட்டு அரசுகளின் கூட்டுத் தயாரிப்பு. பணம் வாங்குவது பாவம் என்று நான் சொல்லவில்லை, சம்பளம் வாங்குகிறவன் அதைச் சொல்லக்கூடாது. பட்டியலில் ஒன்று கவனிக்க வேண்டும்: உழைக்கிறவன் எல்லாப் படத்திலும் 'பயனாளி'யாகவே வருகிறான். எங்கள் வங்கிப் படிவத்தில் இருக்கிற அதே சொல். திட்டம் வருகிறது, நல்ல அதிகாரி வருகிறார், பயனாளி கண் திறக்கிறார். இந்தப் பட்டியலில் ஒரு தலித் இயக்கத்தின் பெயர் இல்லை.

1985 ஜூலையில் ஆந்திராவில் காரம்சேடு. மாதிகாக்களின் குடிதண்ணீர்க் குளத்தை எருமைக் கழிவால் அசுத்தம் செய்ததைத் தட்டிக்கேட்டதில் தொடங்கி ஆறு பேரின் கொலையில் முடிந்தது. எருமையும் தண்ணீரும் சாதியும் ஒரே இடத்தில்! 'மந்தன்' எடுத்தவருக்கு இதைவிட ஒரு கதை வேண்டுமா? அவர் சொந்த மண், அவர் காதுக்குப் பழகிய பாஷை. அந்த வருஷம் அவர் 'திரிகால்' எடுத்தார். 1991 ஆகஸ்டில் சுண்டூர். அந்த வருஷம் 'அந்தர்நாத்'. ஒருவர் எதை எடுக்க வேண்டும் என்று நாம் உத்தரவு போட முடியாது. ஐம்பது வருஷத்தில் எதை எடுக்கவில்லை என்று எண்ணிப் பார்க்க முடியும்.

தொலைக்காட்சிக்கு வருவோம். 1987 ஜனவரியில் தூர்தர்ஷன் ராமாயணத்தை அவிழ்த்துவிட்டது. டி.வி. பெட்டிக்கு மாலை போட்டார்கள், ஊதுபத்தி கொளுத்தினார்கள். அது முடிந்த கொஞ்ச நாளில் மகாபாரதம். அந்தச் சமயத்தில்தான், 1988-இல், நேருவின் 'டிஸ்கவரி ஆஃப் இந்தியா'வை வைத்துப் பெனகலின் 'பாரத் ஏக் கோஜ்' வந்தது. மதச்சார்பற்றவர்கள் மூச்சுவிட்டார்கள். இன்றும் 'ராமானந்த் சாகருக்குப் பதில் பெனகல்' என்று எழுதுகிறார்கள். தொடர் எதில் தொடங்குகிறது? ரிக்வேதத்தின் படைப்புப் பாடலில். வாரா வாரம், 53 வாரமும். இந்தியாவைத் தேடிப் போகிறவர் முதல் அடியை வேதத்தில் வைத்தால் தேடிக் கண்டுபிடிப்பது என்னவாக இருக்கும்? நியாயமாகச் சொல்ல வேண்டும்: புத்தருக்கு இடம் கொடுத்தார், சிலப்பதிகாரத்துக்கும் இடம் கொடுத்தார், மகாத்மா பூலேவுக்கே தனியாக ஒரு பகுதி ஒதுக்கி சதாசிவ் அம்ராபூர்கரை நடிக்கவைத்தார். 1980-களின் தூர்தர்ஷனில் பூலேவைக் காட்டியது சின்னக் காரியமல்ல. ஆனால் காந்தி வருகைக்கு ஒன்றுக்கு மேல் பகுதிகள், பிரிவினைவாதத்துக்கு ஒன்றுக்கு மேல் பகுதிகள், அம்பேத்கருக்கென்று தனியாக ஒன்றுகூட இல்லை. நேருவின் புத்தகம் அப்படி என்பார்கள். சிலப்பதிகாரத்துக்கும் பூலேவுக்கும் புத்தகத்தைத் தாண்டிப் போகத் தெரிந்தவருக்கு அம்பேத்கரிடம் வரும்போது மட்டும் புத்தகம் வேலியாகிவிட்டதா?

கடைசியில், 2014-இல், மாநிலங்களவைத் தொலைக்காட்சிக்குப் பத்துப் பகுதியில் 'சம்விதான்' எடுத்தார். அரசியல் நிர்ணய சபையின் கதை. சச்சின் கெடேகர் அம்பேத்கராக வந்தார். அதே கெடேகர்தான் முன்பு பெனகலுக்குச் சுபாஷ் போஸாகவும் நடித்தார். கோட்டைக் கழற்றி ராணுவ உடுப்பு, உடுப்பைக் கழற்றிக் கோட்டு. 'சம்விதான்' மோசமான தொடர் இல்லை. வகுப்பறையில் காட்டலாம், நான் மாணவத் தோழர்களுக்குப் பரிந்துரைத்தும் இருக்கிறேன். ஆனால் அந்த அம்பேத்கர் சபை மண்டபத்துக்குள் இருக்கும் அம்பேத்கர். மேதை, சட்ட வல்லுநர், வரைவுக் குழுத் தலைவர். 1927-இல் மகாட் குளத்தில் கைவைத்தவர் இல்லை. 1932-இல் புனேவில் காந்தியின் உண்ணாவிரதத்துக்கு எதிரே கழுத்தில் கத்தியோடு நின்றவர் இல்லை. 1956-இல் நாக்பூரில் லட்சக்கணக்கானவர்களோடு இந்து மதத்தை உதறிவிட்டுப் போனவர் இல்லை. அரசியல் சட்டத் தொடரில் அவ்வளவுதான் வரும் என்று வாதாடலாம். ஒப்புக்கொள்கிறேன். அப்படியானால் காந்தியின் தென்னாப்பிரிக்க வருஷங்களுக்கு ஒரு முழுப் படம், போஸின் கடைசி வருஷங்களுக்கு ஒரு முழுப் படம், நேருவுக்கு ஒரு ஆவணப்படம், பாபாசாகேப்புக்கு மட்டும் ஏன் இருநூறு பேர் உட்கார்ந்த மண்டபத்தில் ஒரு நாற்காலி?

பாபாசாகேப்பை முழுப் படமாக எடுத்தவர் ஜப்பார் படேல். மராத்தி முஸ்லிம், தொழிலால் மருத்துவர். மம்முட்டி நடித்தார். 1998-ஆம் ஆண்டுக்கான தேசிய விருதுகளில் மம்முட்டிக்குச் சிறந்த நடிகர் விருது. அதே பட்டியலில் சிறந்த படம் எது தெரியுமா? பெனகலின் 'சமர்'. இது விசித்திரமான பொருத்தம். ஏனென்றால் பெனகல் நம்மைப் பற்றி எடுத்ததில் ஓரளவு நேர்மையான படம் அதுதான். ஹர்ஷ் மந்தர் பதிவு செய்த ஓர் உண்மைச் சம்பவம். மத்தியப் பிரதேசக் கிராமம் ஒன்றில் தலித் ஒருவரின் தலையில் மேல்சாதிக்காரன் சிறுநீர் கழிக்கிறான். அந்தச் சம்பவத்தைப் படமெடுக்க நகரத்திலிருந்து ஒரு குழு வருகிறது. படத்துக்குள் படம். படக்குழுவுக்குள்ளேயே சாதி இருக்கிறது என்று அது காட்டுகிறது. நம் துன்பத்தைப் படமெடுக்க வருகிறவன் முகத்தைக் கண்ணாடியில் பார்த்துக்கொள்ள அவர் ஒரு தடவை துணிந்திருக்கிறார். ஆனாலும் நடிகனின் சாதியைக் கேட்கத் துணிந்த படம், கேமராவுக்குப் பின்னால் நிற்பவனின் சாதியைக் கேட்க வேண்டிய இடம் வந்ததும் கிண்டலுக்கு நழுவிவிடுவதாகவே எனக்குப் பட்டது. 2023-இல் அதே மத்தியப் பிரதேசத்தில், சீதியில், ஓர் ஆதிவாசியின் மேல் ஒருவன் சிறுநீர் கழிக்கும் வீடியோ ஊரெல்லாம் பரவியது. முதலமைச்சர் அந்த ஆதிவாசியை வீட்டுக்கு வரவழைத்துக் காலைக் கழுவினார், கேமராக்களுக்கு முன்னால். படத்துக்குள் படம் என்றால் இதுதான்! நமக்கு அதெல்லாம் வடக்கத்திச் சமாச்சாரம் என்று யாரும் சொல்லிவிட வேண்டாம், 2002-இல் திண்ணியம், 2022-இல் வேங்கைவயல்.

'சமர்' நம் ஊர்த் தியேட்டருக்கு வந்ததா? வரவில்லை. ஜப்பார் படேலின் அம்பேத்கர் 2000-இல் வெளிவந்த படம். தமிழ் பேசி நம் தியேட்டருக்கு வர 2010 டிசம்பர் ஆயிற்று. கோர்ட்டு ஏறித்தான் வந்தது.

தோழர்கள் சிலர் கேட்பார்கள்: 'எல்லாரையும் எதிரியாக்கினால் யாரோடு சேர்ந்து வேலை செய்வது? பெனகல் நம் எதிரியா?' எதிரி இல்லை. எதிரிக்கு இவ்வளவு பக்கம் செலவழிக்க மாட்டேன். 'மண்டி'யை நான் நாலு முறை பார்த்திருக்கிறேன். அந்த வீட்டுப் பெண்கள் யாருக்காகவும் காத்திருக்கவில்லை, எந்த நல்ல அதிகாரியும் வந்து அவர்களைத் திருத்தவில்லை, மனம்போனபடி பேசுகிறார்கள். 'மம்மோ'வும் அப்படித்தான். சமூகத்தைத் திருத்தக் கிளம்பாதபோதெல்லாம் பெனகல் மனுஷர்களைப் பார்த்திருக்கிறார். நம்மைப் பார்க்க வரும்போது மட்டும் திருத்தம் கையோடு வந்துவிட்டது. அஞ்சலி எழுதியவர்களோடுதான் என் சண்டை. 'ஒடுக்கப்பட்டோரின் குரல்' என்று கூச்சமில்லாமல் எழுதினீர்களே, அந்தக் குரல் எந்தப் படத்தில் யார் வாயிலிருந்து வந்தது என்று ஒரு வரி எழுதியிருக்கலாம்.

மாணவர் விடுதிகளில் திரையிடல் நடத்தும் தோழர்களுக்கு ஒரு யோசனை. 'அங்குரை'த் தனியாகப் போடாதீர்கள். 2013-இல் வந்த 'ஃபன்றி'யையும் அதே நாளில் அடுத்ததாகப் போடுங்கள். இரண்டும் கல்லெறிதலில் முடிகின்றன. 'அங்குரி'ல் கல்லெறிகிற பையனுக்குக் கதையில் வேலையே இல்லை. அவன் அடிபட்டவன் இல்லை, பக்கத்தில் நின்று பார்த்தவன். கல் பண்ணையார் வீட்டு ஜன்னலில் விழுகிறது. நாம் பத்திரமாக நாற்காலியில் உட்கார்ந்து கைதட்டுகிறோம். 'ஃபன்றி'யில் பன்றி பிடிக்கும் வீட்டு ஜப்யா, படம் முழுக்கக் கேலியை வாங்கிக்கொண்டவன், அவனே எறிகிறான். கல் நேராகக் கேமராவைப் பார்த்து வருகிறது. இரண்டுக்கும் நடுவில் 39 வருஷம். விளக்கைப் போட்டபிறகு உடனே பேச ஆரம்பித்துவிடாதீர்கள். முன்வரிசையில் யார் யார் தலையைக் குனிந்தார்கள் என்று பாருங்கள்.